ரூவியில் ஓர் ஊமைப்படத்துக்கு நான் கொடுத்த குரல்

நம் கட்டடத்துப் பிள்ளைகளின் வாட்ஸப் குழுவில் போன வாரம் ஒருவர் பழைய புகைப்படம் ஒன்றைப் போட்டிருந்தார். வளைகுடாவில் நாம் வளர்ந்த ரூவி, பள்ளிக்கூட மண்டபம், சித்திரை விழா. மேடையில் பட்டுப்பாவாடை கட்டி மைக்கைப் பிடித்துக்கொண்டு நிற்கிற பதினொரு வயதுப் பெண் நான்தான். கீழே வரிசையாகக் கைதட்டுகிற பொம்மைகளைப் போட்டிருந்தீர்கள். ‘என்ன காலம் அது’, ‘அந்தக் காலத்துப் பெரியவர்களுக்கு என்ன மனசு’ என்று ஆளாளுக்கு உருகியிருந்தீர்கள். எல்லோருக்கும் ஐம்பத்தைந்து தாண்டிவிட்டது. சர்க்கரை வந்தவர்களுக்குப் பழைய நினைவு மட்டும்தான் இனிப்பு என்று டாக்டர் அனுமதித்திருப்பார் போலிருக்கிறது.

எனக்கு உருகவில்லை. அன்றைக்கு அந்த மேடையில் என்ன நடந்தது என்று உங்களில் ஒருவருக்கும் தெரியாது. நீங்கள் முன்வரிசையில் உட்கார்ந்து ரோஸ் நிறச் சர்பத் குடித்துக்கொண்டிருந்தீர்கள். தெரிந்தவள் நான். புஜைராவில் மகன் வீட்டில் உட்கார்ந்து, கப்பல் வருவதையும் போவதையும் பார்ப்பதைத் தவிர வேறு வேலை இல்லாத நாளில் இதை எழுதுகிறேன். பிடிக்காதவர்கள் குழுவை விட்டுப் போகலாம்.

கட்டடம் ஞாபகம் இருக்கிறதல்லவா. கீழே துணிக்கடை, பக்கத்தில் கோழி சுடும் கடை, மேலே நான்கு மாடி. படிக்கட்டில் எந்நேரமும் கோழிப்புகை. அதோடு ஏசிப் பெட்டிகளிலிருந்து சொட்டுகிற தண்ணீரின் பாசி வாடை. இரண்டாவது மாடியில் நாங்கள். மூன்றாவதில் தமிழ்ச் சங்கத்தின் செயலாளர் மாமா. நான்காவது மாடி முழுக்க ஒரே வீடு, அதில் ஸ்பெயின் இன்ஜினியர். அவர்தான் அப்பாவின் கம்பெனியில் ப்ராஜெக்ட் பெரியவர். அப்பா அவருக்குக் கீழே வரைபடப் பிரிவில் இருந்தார். செயலாளர் மாமா அதே கம்பெனியில், கூலியாட்கள் தங்கும் கேம்பைக் கட்டி மேய்க்கும் நிர்வாகத்தில் இருந்தார். ஆகவே நம் கட்டடத்தில் பக்தி என்பது மாடிப்படி ஏறிப் போகிற சமாசாரம்.

எங்கள் வீட்டில் நான்காவது மாடிக்குப் போகிற இட்லிக்குத் தனி உளுந்து, தனி மாவு. வெள்ளிக்கிழமை காலையில் அதைத் தட்டில் வைத்து, மேலே வெள்ளைத் துணி மூடி, என்னிடம் கொடுத்து அனுப்புவார்கள். என் ஆங்கிலம் நன்றாக இருக்கும் என்று அப்பாவுக்குப் பெருமை. இட்லியை யார் தின்றார்கள் என்று அப்பா ஒருநாளும் விசாரித்ததில்லை. இன்ஜினியர் வீட்டைக் கூட்டுகிற ஆள் தின்றார். நான் கண்ணால் பார்த்தேன்.

அந்த வருஷம் குளிர் முடிகிற சமயத்தில் இன்ஜினியரின் தாயார் ஸ்பெயினிலிருந்து வந்து சேர்ந்தார். எழுபது வயதிருக்கும். குள்ளம், கறுப்புக் கவுன், ஆண்பிள்ளை போல வெட்டிய நரைமுடி. கட்டடத்தில் எல்லோரும் ஸ்பெயின்காரம்மா என்றோம். அவருடைய குரலைக் கேட்டுத்தான் முதலில் பயந்தேன். தொண்டையில் மணல் கிடப்பது போன்ற கட்டைக்குரல். ‘வா’ என்று சொன்னாலே திட்டுகிற மாதிரி இருக்கும். அந்த அம்மாளுக்கு ஏதோ தொண்டை வியாதி என்று அம்மா முடிவுகட்டி, இட்லியோடு ஒரு ஃபிளாஸ்க்கில் சுக்குக்காப்பியும் சேர்த்து அனுப்ப ஆரம்பித்தார்.

அந்த அம்மாளிடம் ஒரு படச்சுருள் இருந்தது. பிஸ்கட் டின் ஒன்றில், வெல்வெட் துணி சுற்றி வைத்திருந்தார். மகன் அதைச் சின்ன ஃபிலிமில் பிரதி எடுத்து, வீட்டில் போட்டுப் பார்க்க ஒரு புரொஜெக்டரும் வாங்கிக் கொடுத்திருந்தார். ஒரு வெள்ளிக்கிழமை அந்த அம்மாள் திரைச்சீலையை இழுத்துவிட்டு எனக்குப் போட்டுக் காட்டினார். சுவரில் ஒரு கடற்கரை, சாய்ந்து கிடக்கும் படகு, பத்தொன்பது வயதில் ஒரு பெண். காலில் செருப்பில்லாமல், இடுப்பில் கை வைத்துக்கொண்டு நிற்கிறாள். இந்த அம்மாளேதான். படத்தில் அழியாமல் மிச்சமிருந்தது மொத்தம் இருபது நிமிஷம், ஒரு சத்தமும் இல்லை. வீடியோ கேசட் வந்து பாட்டும் சண்டையுமாக வீடு அதிர்ந்துகொண்டிருந்த காலத்தில் இது என்ன ஊமைப்படம் என்று எனக்குக் கொட்டாவி வந்தது.

கடைசிக் காட்சி வந்தபோது அந்த அம்மாள் எழுந்து சுவருக்குப் பக்கத்தில் போய் நின்றார். சுவரில் இருந்த பெண் வாயைத் திறந்தாள். அதே நேரத்தில் இவரும் வாயைத் திறந்தார். அந்த மணல் குரல் அந்தப் பெண்ணின் உதட்டில் போய் அப்படியே ஒட்டிக்கொண்டது. ஒரு எழுத்து முன்னே பின்னே போகவில்லை. எனக்குக் கொட்டாவி நின்றுவிட்டது.

கதை இதுதான். அந்தப் பெண்ணின் அப்பா மீனவர், கூலிக்குப் படகு ஓட்டுகிறவர். கடலில் மூழ்கிச் சாகிறார். படகின் முதலாளி துக்கம் கேட்க வருகிறான். அவனிடம் அவள், ‘நீ கொடுத்த படகில் ஓட்டை இருந்தது. உனக்குத் தெரியும்’ என்கிறாள். வசனம் அவ்வளவுதான், அதையே திரும்பத் திரும்பச் சொல்கிறாள். பிறகு அவனையே பார்த்துக்கொண்டு நிற்கிறாள், படம் முடிகிறது.

படம் எடுத்து முடித்த சமயத்தில் பேசும்படம் வந்துவிட்டதாம். இனி ஊமைப்படத்தை எவன் பார்ப்பான் என்று தயாரிப்பாளருக்குப் பயம். ஸ்பெயினில் அப்போது பேச்சைப் பதிவு செய்ய ஒரு வசதியும் கிடையாது. படத்தைப் பெட்டியில் கட்டிப் பாரிஸுக்குக் கொண்டுபோனார்கள். நடித்தவளையும் கூட்டிப்போகலாம் அல்லவா? கூட்டிப்போகவில்லை. தெற்கத்தி மீன்காரிக் குரல், இதைப் படித்தவர்கள் காசு கொடுத்துக் கேட்பார்களா என்று தயாரிப்பாளர் சொல்லிவிட்டார். பாரிஸில் யாரோ ஒருத்தி பேசிய பேச்சை இசைத்தட்டில் பதிந்து படத்தோடு ஓடவிட்டார்கள். இவர் தன் ஊர் தியேட்டரில் அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தார். தன் வாயிலிருந்து கான்வென்ட்டுப் பெண்ணின் குரல் வந்தது. அதுவும் வாய் மூடின பிறகு வந்தது. தெரிந்தவர்கள் எல்லாம் சிரித்தார்கள். ‘யாரடி அது பேசறது?’ என்று அம்மா கேட்டாராம். அதற்குப் பிறகு எந்தப் படத்துக்கும் இவரைக் கூப்பிடவில்லை. ஒரு துறைமுகக் குமாஸ்தாவைக் கட்டிக்கொண்டார்.

இதையெல்லாம் அரைகுறை ஆங்கிலத்தில், கையைக் காலை ஆட்டி, பல வெள்ளிக்கிழமைகளில் சொன்னார். நான் கேட்ட கதையை இட்லித் தட்டோடு கீழே இறக்கிக் கொண்டுவந்து அம்மாவிடம் ஒப்பித்தேன். அம்மா அப்பாவிடம் சொன்னார். அப்பா மூன்றாவது மாடிக்கு ஓடினார்.

செயலாளர் மாமாவை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். வெள்ளைச் சட்டைப் பையில் இரண்டு பேனா, வாயைத் திறந்தால் ‘ஈண்டு’, ‘யாங்ஙனம்’. சம்பளம் கேட்டு வரும் கேம்ப் ஆளிடம் மட்டும் ‘கலாஸ், கலாஸ், போ’ என்று அரபியில் முடித்துவிடுவார். பெரியவரின் தாயார் நடிகை என்று கேட்டதும் மாமாவுக்குக் கால் தரையில் நிற்கவில்லை. சித்திரை விழாவில் படத்தைப் போடுவது, அந்த அம்மாளுக்குப் பொன்னாடை போர்த்துவது, கம்பெனி மேனேஜரைத் தலைமை தாங்கக் கூப்பிடுவது என்று ஒரே மூச்சில் முடிவாயிற்று. இன்ஜினியரிடம் கேட்டபோது அவர் சங்கடத்தோடு சிரித்து, அம்மா அதிகம் பேச ஆரம்பித்துவிடுவார், களைத்துப்போவார், பார்த்துக்கொள்ளுங்கள் என்றாராம். பெரியவர் வாயிலிருந்து வந்ததால் அது உத்தரவாகிவிட்டது.

ஸ்பெயின்காரம்மா என்னிடம் ஒரே ஒரு விஷயம் கேட்டார். அவருடைய ஊரில் ஊமைப்படக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் ஓர் ஆள் நின்று கதை சொல்வானாம். அதைப்போலத் திரைக்குப் பக்கத்தில் அவர் நிற்க வேண்டும். தன் வசனத்தைத் தன் குரலில் பேச வேண்டும். பிறகு நான் அதைத் தமிழில் சொல்லலாம். ஐம்பது வருஷமாக அந்தப் பெண் வேறொருத்தியின் குரலில் பேசிக்கொண்டிருக்கிறாள், ஒரு தடவையாவது நாலு பேர் முன்னால் அவளே பேசட்டும் என்றார். சொல்லும்போது என் மணிக்கட்டைப் பிடித்திருந்தார். பிடி இறுக்கமாக இருந்தது, எனக்கு வலித்தது.

நான் போய் மாமாவிடம் ஒன்று விடாமல் சொன்னேன். மண்டபத்தில் ஒத்திகை நடந்துகொண்டிருந்தது. கேம்பிலிருந்து வந்திருந்த எலக்ட்ரீஷியன் அண்ணன் மேடை ஓரத்தில் குந்தி உட்கார்ந்து ஆம்ப்ளிஃபயருக்கு ஒயர் முறுக்கிக்கொண்டிருந்தார். ராமநாதபுரத்துக்காரர். கேம்பில் இன்னொரு மைக் கிடக்கிறது, எடுத்து வரட்டுமா என்று கேட்டார். மாமா அவரைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் வேண்டாம் என்று கையை ஆட்டிவிட்டு என்னிடம் பேசினார்.

“ஸ்பானிஷ் யாருக்கும்மா புரியும்? ஜனங்க எழுந்து போயிடுவாங்க. உன் குரல் ரேடியோ மாதிரி இருக்கு, நீயே பேசிடு. நான் வசனம் எழுதித் தரேன். அவங்களுக்கு நாம செய்யற மரியாதை அது.”

எழுதியும் கொடுத்தார். ஓட்டைப் படகைக் காணோம். முதலாளியைப் பார்த்து ஒரு கூலிக்காரன் பெண் அப்படிப் பேசுவதை மேனேஜர் முன்னால், அதுவும் பின்னால் இரண்டு பஸ் நிறைய கேம்ப் ஆட்கள் உட்கார்ந்திருக்கும்போது, எப்படிப் போடுவது? மாமா அதைக் காதல் காட்சி ஆக்கிவிட்டார். முதலாளி காதலனாகிவிட்டான். ‘அன்பே, அலைகடலும் என் கண்ணீரும் ஒன்றன்றோ! எந்நாள் வருவாய் என் கரம் பற்ற?’ அப்பன் செத்த வீட்டில் பெண் பேசுகிற பேச்சு இது. அப்பா படித்துப் பார்த்துவிட்டு, பிரமாதம் சார், கண்ணில் தண்ணீர் வருகிறது என்றார். அப்பா மேல் எனக்கு இருந்த மரியாதையில் முதல் விரிசல் அன்றைக்கு விழுந்தது என்று சொல்ல ஆசைதான். விழவில்லை. எனக்கும் கண்ணில் தண்ணீர் வந்தது. மைக் எனக்கு என்ற சந்தோஷம்.

“அவங்ககிட்ட பக்குவமாச் சொல்லிடு” என்றார் மாமா. வெள்ளிக்கிழமை மேலே போனேன். ஸ்பெயின்காரம்மா கறுப்புக் கவுனுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார். கேட்டாயா, என்ன சொன்னார்கள் என்று கேட்டார். அவர்கள் சரி என்று சொல்லிவிட்டதாக நான் சொன்னேன். கையில் இருந்த இஸ்திரிப் பெட்டியை அப்படியே வைத்துவிட்டு என் இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தார். பெரியவர்கள் கோழைகள் என்று எழுத உட்கார்ந்தவள், இந்த இடத்தில் எழுதுவதற்கு ஒரு வார்த்தையைத் தேடிப் பார்த்தேன். அதே வார்த்தைதான் கிடைக்கிறது.

நம் விழாக்களின் லட்சணம் உங்களுக்குத் தெரியும். வரவேற்புரை ஒருவர், முன்னிலை ஒருவர், தலைமையுரை ஒருவர், வாழ்த்துரை ஆறு பேர். யாரைப் பாராட்டுகிறோமோ அவரைத் தவிர எல்லோரும் பேசுவோம். அவருக்குப் பொன்னாடையைப் போர்த்தி, மாலையைப் போட்டு, நாற்காலியில் உட்கார்த்திவிட்டால் கடமை முடிந்தது. அழைப்பிதழில் கடைசியில் ‘ஏற்புரை’ என்று ஒன்று போடுவது உண்டு. அந்த வருஷ அழைப்பிதழில் நேரமின்மை காரணமாக அதையும் எடுத்துவிட்டார் மாமா. உலகத்தில் வேறு எந்த ஜனமும் ஒரு மனுஷரின் வாயை இவ்வளவு மரியாதையாக அடைக்காது.

அன்றைக்கு ஸ்பெயின்காரம்மா உதட்டுக்குச் சாயம் பூசி வந்திருந்தார். ஜரிகை போட்ட மஞ்சள் பொன்னாடையைப் போர்த்தினார்கள். ஆறு வாழ்த்துரைகளையும் ஒன்றும் புரியாமல், முதுகு வளையாமல் உட்கார்ந்து கேட்டார். ஒருவர் அவரைக் கண்ணகியோடு ஒப்பிட்டார், இன்னொருவர் ஔவையாரோடு. பின்னால் தரையில் கேம்ப் ஆட்கள். காலையில் நாற்காலிகளைத் தூக்கி வந்து போட்டவர்கள் அவர்கள்தான், நாற்காலி அவர்களுக்கு இல்லை.

விளக்கை அணைத்தார்கள். புரொஜெக்டர் டரடரவென்று ஓடியது. நான் மைக்கோடு திரைக்கு இடது பக்கம் நின்றேன். காட்சிக்குக் காட்சி மாமா எழுதிக் கொடுத்ததை ஏற்ற இறக்கத்தோடு சொல்லிக்கொண்டே போனேன். கைதட்டல் விழுந்தது. கைதட்டலுக்கு ஒரு ருசி உண்டு, பதினொரு வயதில் அது நாக்கில் பட்டால் பிறகு எதுவும் பிடிக்காது.

கடைசிக் காட்சிக்குக் கொஞ்சம் முன்னால் ஸ்பெயின்காரம்மா நாற்காலியை விட்டு எழுந்தார். பொன்னாடையை எடுத்து நாற்காலியின் முதுகில் போட்டுவிட்டுத் திரையின் வலது பக்கம் போய் நின்றார். மகன் எட்டி அவர் கையைப் பிடிக்கப் பார்த்தார், கிடைக்கவில்லை. குனிந்து தன் ஷூவைப் பார்க்க ஆரம்பித்தார். அந்த அம்மாள் என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினார். நான் காத்திருப்பேன் என்று நினைத்தார்.

திரையில் அந்தப் பெண் வாயைத் திறந்தாள். அந்த அம்மாளும் திறந்தார். நானும் திறந்தேன். மைக் என்னிடம் இருந்தது. ‘அன்பே, அலைகடலும்’ என்று ஆரம்பித்ததும் அந்த அம்மாள் திரும்பி என்னைப் பார்த்தார். ஆனால் பேச்சை நிறுத்தவில்லை. திரையில் உதடு ஓடிக்கொண்டிருக்கும்போது எப்படி நிறுத்துவார்? யாரோ கிழவி உளறுவதாக நினைத்து முன்வரிசையில் சிரித்தீர்கள். நீங்கள்தான். அப்போதுதான் எலக்ட்ரீஷியன் அண்ணன் ஆம்ப்ளிஃபயர் பக்கத்திலிருந்து எழுந்து என்னிடம் வந்து கையை நீட்டினார்.

“பாப்பா, அத அந்தம்மாட்ட குடு. அது அவுக பேச்சு.”

நான் அவருக்கு முதுகைத் திருப்பிக்கொண்டேன். அவர் திரும்பிப் போய் ஆம்ப்ளிஃபயரை அணைத்தார்.

ஸ்பீக்கர் செத்துப்போனதும் மண்டபத்தில் அந்த மணல் குரல் மட்டும் கேட்டது. பின்னால் இருந்த ஆட்கள் சத்தம் போடாமல் கேட்டார்கள். ஒரு வார்த்தையோ இரண்டு வார்த்தையோ, அவ்வளவுதான் போயிருக்கும். அதற்குள் நான் செத்த மைக்கைக் கீழே இறக்கிவிட்டுத் தொண்டை கிழியக் கத்தினேன். என்னை யாரும் கத்தச் சொல்லவில்லை. மாமா எழுந்து சுவிட்சைத் தேடிக்கொண்டிருந்தார், அப்பா வாயைப் பிளந்து நின்றார். நானாகத்தான் கத்தினேன். எந்நாள் வருவாய், எந்நாள் வருவாய் என்று, எழுதிக் கொடுத்ததற்கு மேல் இரண்டு தடவை அதிகமாக. கரண்ட் போயும் கலங்காமல் பேசிய குழந்தை என்று மண்டபமே எழுந்து கைதட்டியது. மேனேஜர் என் தலையில் கை வைத்தார். நீங்கள் பார்த்து உருகிய புகைப்படம் அப்போது எடுத்தது. ஓரத்தில் கறுப்புக் கவுன் போட்ட ஒரு கை தெரிகிறதே, அது யாருடையது என்று ஒருவரும் கேட்கவில்லை.

இரண்டு மாதத்தில் எலக்ட்ரீஷியன் அண்ணனை உள்நாட்டில் எங்கோ பாலைவன சைட்டுக்கு மாற்றிவிட்டார்கள். காரணம் இதுதானா என்று எனக்குத் தெரியாது. அப்பாவுக்குத் தெரிந்திருக்கும். நான் கேட்கவில்லை.

விழாவுக்கு மறுநாள் சாயங்காலம் அம்மா ஒரு டப்பா லட்டும், நாற்காலியிலேயே கிடந்த பொன்னாடையும் கொடுத்து என்னை மேலே அனுப்பினார். பாவம், மறதியில் விட்டுவிட்டுப் போய்விட்டார் என்றார். ஸ்பெயின்காரம்மா கதவைத் திறந்தார். உள்ளே வா என்று சொல்லவில்லை. கோபமும் தெரியவில்லை. கோபப்பட்டிருந்தால் அழுதிருப்பேன், தப்பித்திருப்பேன்.

கடைசிக் காட்சியில் நீ பேசியது என்ன, ஆங்கிலத்தில் சொல் என்றார். சொன்னேன். அன்பே, கடலும் என் கண்ணீரும் ஒன்று, எப்போது வந்து என் கையைப் பிடிப்பாய். அந்த ஆங்கிலத்தில் அது இன்னும் கேவலமாக இருந்தது. வாசல் நிலையில் கை வைத்துக்கொண்டு பொறுமையாகக் கேட்டார்.

“பாரிஸில் பேசினவளும் காதலைத்தான் பேசினாள்” என்றார். பிறகு, “உன் குரல் அவள் குரலைவிட நன்றாக இருந்தது” என்றார்.

லட்டு டப்பாவை வாங்கிக்கொண்டார். பொன்னாடையை நான்காக மடித்து என் கையில் திருப்பி வைத்துவிட்டுக் கதவைச் சாத்தினார். அதற்குப் பிறகு வெள்ளிக்கிழமை இட்லியை எடுத்துக்கொண்டு போனால் வீட்டைக் கூட்டுகிற ஆள்தான் கதவைத் திறந்தார். வெயில் உச்சத்துக்கு வருமுன் அந்த அம்மாள் ஊருக்குப் போய்விட்டார்.

நான் கீழே இறங்கியபோது அம்மா வாசலிலேயே நின்றிருந்தார். அப்பா உள்ளே சோபாவில் பேப்பரை மடித்து வைத்துவிட்டுக் காதைக் கொடுத்தார்.

“என்னடி சொன்னாங்க?”

“என் குரல் நல்லா இருந்துச்சாம்” என்றேன்.

சொன்னதில் ஒரு வார்த்தைகூடப் பொய்யில்லை. அப்பா மறுநாள் ஆபீஸில் அதைப் பத்துப் பேரிடம் சொன்னார்.